பக்கத்து சீட்டில் துண்டு

"நான் சொன்னப்புறம் பேங்க்ல போடு மச்சான்" என்று சொல்லித்தான், என்னிடம் கடன் வாங்கிய கூட்டாளி கையெழுத்துப் போட்ட செக்கைக் கொடுத்தான். எங்கள் பக்கத்தில் கடனுக்கு ஈடாக எல்லோரும் அப்படித்தான் கொடுப்பார்கள். கடனை அடைக்காமல் அவன் புது மீன்வலை வாங்கியதாக யாரோ சொல்ல, எனக்குக் கோபம் தலைக்கேறியது. சொல்லாமல் கொள்ளாமல் போட்டேன். பணமில்லை என்று திரும்பியது. வழக்கும் போட்டேன்.

கல்பாக்கத்திலிருந்து செங்கல்பட்டு கோர்ட்டுக்கு இருவருக்கும் ஒரே பஸ்தான். முதல் வாய்தாவுக்கு ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்தோம். அடுத்த வாய்தாவுக்கு அவன் ஜன்னல் வழியாகத் துண்டைப் போட்டு எனக்கும் சீட்டு பிடித்திருந்தான். மூன்று வருடம் அப்படியே போய்வந்தோம். கோர்ட் வாசலில்தான் பிரிவோம். வெட்கக்கேடு!

கடைசியில் படகை விற்றுப் பணம் கொண்டுவந்தான். "மனப்பூர்வமாகத்தான் சமரசமா?" என்று நீதிபதி கேட்டார். இருவரும் தலையாட்டினோம். வழக்கு முடிந்தது.

திரும்பும்போது நான் முந்திப்போய், பக்கத்து சீட்டில் என் துண்டைப் போட்டேன். அவன் ஏறவில்லை. ஜன்னலருகே வந்து நின்றான்.

"செக்கப் போடறதுக்கு முன்னாடி ஒரு போன் பண்ணியிருக்கலாம்ல, மச்சான்?"

"இத ஏன்டா இத்தினி நாளா கேக்கல?"

"உன் பணம் என்கிட்ட இருந்துச்சு. கேக்க எனக்கு வாய் ஏது?"

திரும்பிப் பார்க்காமல் நடந்தான். பஸ் கிளம்பியது. திருக்கழுக்குன்றத்தில் ஏறிய ஒருவர், "ஆள் வருதா சார்?" என்று கேட்டார்.

துண்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.