கழுகு அக்கா வீட்டு நாற்காலி

படப்பிடிப்புக் குழுவில் அவளுக்குக் கழுகு அக்கா என்று பெயர். ஒரு காட்சியை இரண்டு நாள் பிரித்து எடுத்தால், முதல் நாள் தம்ளரில் தண்ணீர் எவ்வளவு இருந்தது, சட்டையில் எந்தப் பொத்தான் கழன்றிருந்தது என்று குறித்துவைத்து, மறுநாளும் அப்படியே இருக்கச் செய்வது அவள் வேலை. பதினேழு வருடத்தில் ஒரு தப்பும் விட்டதில்லை. அதில் கொஞ்சம் கர்வமும் உண்டு. இருந்துவிட்டுப் போகட்டும்.

ஒரே வீட்டில் பேச்சுக் குறைந்துபோன கணவன் மனைவியைப் பற்றி ஒரு குறும்படம். வீடு பிடிக்க வசதியில்லாமல், அவளுடைய இரண்டு அறை வீட்டையே கேட்டார்கள். "கதைக்குன்னே கட்டின வீடு மாதிரி இருக்குக்கா" என்றார் இயக்குநர், வெள்ளை மனதோடு. அவளுக்குச் சுருக்கென்றது.

மூன்று நாள் படப்பிடிப்பு. கணவர் தன் அண்ணன் வீட்டில் தங்கிக்கொண்டார். கடைசிக் காட்சிக்காக ஜன்னலோரம் மேசையைப் போட்டு, எதிரெதிரே இரண்டு நாற்காலிகளை வைத்தார்கள்.

எல்லோரும் கிளம்பியதும், முன்பே எடுத்துவைத்திருந்த போட்டோக்களைப் பார்த்து வீட்டைப் பழையபடி அடுக்கினாள். போட்டோவில் ஒரு நாற்காலி அடுப்படியில், இன்னொன்று டிவி முன்னால். அச்சகத்தில் அவருக்கு இரவு வேலை போட்ட வருடம் தனித்தனியே சாப்பிட ஆரம்பித்தார்கள். பிறகு பகல் வேலை வந்தது, நாற்காலிகள்தான் திரும்பி வரவில்லை. சண்டை என்று ஒன்றும் இல்லை. இருந்திருந்தால் சமாதானமாவது ஆகியிருக்கும்.

கடைசியாக மேசையருகே நாற்காலியைத் தூக்கியவள் அங்கேயே வைத்துவிட்டாள். அவர் வந்து பேசாமல் அதை டிவி முன்னால் இழுத்துக்கொண்டு போய்விட்டால்? அப்புறம் இந்த வீட்டில் எதிர்பார்க்க என்ன இருக்கிறது?

ஆறு மணிக்கு வந்தார், விரலெல்லாம் மையோடு.

"மாத்திப் போட்டுட்டுப் போயிட்டாங்களா?"

"இல்ல, நான்தான் விட்டுவச்சேன். வேணாம்னா எடுத்துருங்க."

அவர் ஒரு நாற்காலியைத் தூக்கினார். அவள் டிவி பக்கம் பார்த்தாள். தூக்கியதை மேசைக்கு அந்தப் பக்கம் போட்டார். அங்கே இருந்ததை இந்தப் பக்கம் கொண்டுவந்தார்.

"கால் ஆடுற நாற்காலி என்னுதுல்ல? முன்னெல்லாம் உனக்கு வெயில் கண்ணுல அடிக்கும்னு நான்தானே ஜன்னலப் பாத்து உக்காருவேன்."

"மறந்துட்டேங்க" என்றாள் கழுகு அக்கா.