கித்தேரியம்மாளுக்குத் தெரிந்த ஊர்

கொடைக்கானலில் சூசைமாணிக்கத்தைத் தெரியாத லாட்ஜ்காரர் கிடையாது. முப்பத்தைந்து வருஷமாகச் சுற்றுலா வேன் ஓட்டுகிறார். மற்ற டிரைவர்கள் மாதிரி வண்டியை நிறுத்திவிட்டு டீக்கடையில் ஒதுங்க மாட்டார். கூடவே இறங்கி நடந்து, தூண் பாறையின் உயரம் என்ன, மோயர் பாயிண்டுக்கு அந்தப் பெயர் யாரால் வந்தது, குறிஞ்சி ஆண்டவர் கோயிலில் எந்த இடத்தில் நின்றால் பழனி தெரியும் என்று தமிழிலும் இங்கிலீஷிலும் சொல்லுவார். பனி மூடி ஒன்றும் தெரியாத நாளிலும் கையை நீட்டி, இருக்கிறதை எல்லாம் சொல்லி முடித்துவிட்டுத்தான் வண்டியை எடுப்பார். ஊரைக் காட்டுவதில் தன்னை மிஞ்ச ஆள் இல்லை என்று அவருக்கு ஒரு எண்ணம்.

ஒரே மகள். அவள் பிறந்த சமயத்தில் வேனில் வந்த ஜெர்மன்காரர்கள் வழியெல்லாம் பெர்லின், பெர்லின் என்று சிரித்துப் பேசிக்கொண்டு வந்தார்கள். இவ்வளவு சந்தோஷமாகச் சொல்கிறார்களே என்று அந்தப் பெயரையே வைத்துவிட்டார். பெர்லின் திண்டுக்கல்லில் நர்சிங் படித்தாள், மதுரையில் நாலு வருஷம் வேலை பார்த்தாள், பிறகு ஜெர்மனிக்குப் போனாள். அங்கே எல்லையில் ஒரு பெரிய ஆறு ஓடுகிறது. ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஆஸ்பத்திரி. இந்தப் பக்கம் பிரான்சில் கொல்மார் என்று ஒரு பழைய ஊர். அந்த ஊரிலிருந்து தினம் பஸ்ஸில் வேலைக்குப் போய்வந்தாள். அந்த பஸ்ஸை ஓட்டியவர்தான் லூக்.

லூக் விவாகரத்து ஆனவர். கத்தோலிக்கக் கோயிலில் கல்யாணம் வைக்க வழியில்லை. நகராட்சி அலுவலகத்தில் கையெழுத்துப் போட்ட பிறகுதான் பெர்லின் அப்பாவுக்கு போன் செய்தாள். சூசைமாணிக்கம் அப்போது கோயில் நிர்வாகம் பார்க்கிற பங்குப் பேரவையில் இருந்தார். ஊரில் பத்துக் கல்யாணத்துக்கு முன்னால் நின்று நடத்திவைத்தவர்.

"எனக்கு மகள்னு ஒருத்தி இல்ல. இனிமே இந்த நம்பருக்குப் பேசாத" என்று சொல்லி வைத்தார். ஐந்து வருஷம் அந்தச் சொல்லைக் காப்பாற்றினார். சுவரில் இருந்த போட்டோவை இறக்கவில்லை, ஆனால் அந்தப் பக்கம் பார்க்க மாட்டார். மனைவி கித்தேரியம்மாள் ஒரு தடவை பேச்சை எடுத்தபோது, "வேற சோலி இருந்தா பாரு" என்று எழுந்துபோனார். அவள் அப்புறம் பேச்சை எடுக்கவேயில்லை. மனசை ஆற்றிக்கொண்டாள் என்று நினைத்துக்கொண்டார்.

போன டிசம்பரில், கிறிஸ்துமஸ் குடில் ஜோடிக்கிற வாரத்தில், பெர்லின் வேலைக்குக் கிளம்புகையில் படியிலேயே விழுந்தாள். தலைக்குள் ரத்தக்குழாய் வெடித்துவிட்டது. முப்பத்து மூன்று வயசு. இவர்களால் போக முடியவில்லை. விசா கிடைப்பதற்குள் அடக்கம் முடிந்துவிட்டது. லூக் போனை உயர்த்திப் பிடிக்க, இங்கே அடுப்படி மேஜையில் போனைத் தம்ளரில் சாய்த்து வைத்து இருவரும் பார்த்தார்கள். ஐந்து வருஷம் கழித்து மகளின் முகத்தை அவர் பார்த்தது அப்போதுதான். கன்னம் ஒடுங்கியிருந்தது, முடியைக் கழுத்தோடு வெட்டியிருந்தாள். "எப்ப வெட்டுனா?" என்று கேட்டார். கித்தேரியம்மாள் சாயத் தொடங்கிய போனை நிமிர்த்தி வைத்தாள்.

மே மாசம் லூக் வரவழைத்துக் கொல்மாருக்குப் போனார்கள். முதல் நாள் கல்லறை. சின்னக் கல், பேர், பிறந்த வருஷம், இறந்த வருஷம், அவ்வளவுதான். சூசைமாணிக்கம் அதன் முன்னால் நின்று ஒரு அருள்நிறை மரியே ஜெபம் சொல்ல ஆரம்பித்துப் பாதியில் மறந்துபோனார்.

மறுநாள் லூக்குக்கு பஸ் இருந்தது. கையிலே ஒரு வரைபடத்தையும் இரண்டு மியூசிய டிக்கெட்டையும் கொடுத்து, மத்தியானம் கால்வாய்ப் பாலத்துக்கு வந்து கூட்டிப்போவதாகத் தனக்குத் தெரிந்த இங்கிலீஷில் சொன்னார். வழிகாட்டி தேவையில்லை, தெருவில் முக்கோணமாகப் பித்தளைத் தகடு பதித்திருக்கும், அமெரிக்காவில் நிற்கிற சுதந்திர தேவி சிலையின் முகம் போட்டிருக்கும், அது காட்டுகிற பக்கம் நடந்தால் ஊரையே பார்த்துவிடலாம் என்றார். அந்தச் சிலையைச் செய்தவர் பிறந்த ஊராம் இது.

சூசைமாணிக்கம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வரைபடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். தெருப்பெயர் ஒன்றும் வாயில் நுழையவில்லை.

"அங்கிட்டு இல்லைங்க. இங்கிட்டு வாங்க" என்றாள் கித்தேரியம்மாள்.

"ஒனக்கு என்ன தெரியும்? படத்துல பெரிய கோயிலு வலது பக்கம் கெடக்கு."

"அது சுத்து. இந்தச் சந்துல போனா வெரசா போயிரலாம். ஒரு ரொட்டிக்கடை வரும், அதுக்கடுத்து மூஞ்சி வச்ச வீடு."

ரொட்டிக்கடை வந்தது. அடுத்து, சுவர் முழுக்கக் கல்லில் சின்னச் சின்ன முகங்கள் செதுக்கிய வீடு வந்தது. நூறுக்கு மேல் இருக்கும். சிலது சிரிக்கிறது, சிலது பல்லைக் கடிக்கிறது. கித்தேரியம்மாள் நிமிர்ந்து, ஜன்னலுக்கு மேலே ஒன்றைக் காட்டினாள். "இது தாய்மாமன் மாதிரி இருக்குன்னு சிரிப்பா."

சூசைமாணிக்கம் நின்றுவிட்டார். "யாரு?"

"பெர்லினுதான். வேற யாரு?"

அவள் நடந்தாள். அவர் பின்னால் போனார். பெரிய கோயில் கூரையில் நாரை கூடு கட்டியிருக்கும் என்றாள், இருந்தது. மரச்சட்டத்தில் படம் எழுதிய பழைய வீட்டைச் சுற்றிக்கொண்டு போனால் சுங்கம் வசூலித்த மண்டபம் வரும், அதன் ஓடு பச்சையும் மஞ்சளுமாக மினுங்கும் என்றாள், வந்தது, மினுங்கியது. தோல் பதனிடுகிறவர்கள் இருந்த தெருவில் வீடுகள் ஏன் அவ்வளவு உயரம் என்று அவராகவே கேட்டார். மச்சில்தான் தோலைக் காயப்போடுவார்கள் என்றாள். திண்டுக்கல்லுக்கு அந்தாண்டை தனியாகப் போயிராத மனுஷி, சேலைக்கு மேலே மகளின் கம்பளிக் கோட்டைப் போட்டுக்கொண்டு, சொந்தத் தெருவில் நடப்பதுபோல நடந்தாள்.

ஒரு திருப்பத்தில் அவர் கேட்டுவிட்டார். "எப்பருந்து?"

"மொத மாசத்துலருந்தே. ஞாயித்துக்கெழம உங்களுக்கு வண்டி இருக்கும்ல. நீங்க போன் அடிச்சா அன்பிய ஜெபக் கூட்டத்துல இருக்கேன்னு சொல்லிட்டு உள்ரூம்புல உக்காந்திருப்பேன். அவ போனக் கையில பிடிச்சுக்கிட்டு நடப்பா. ஒரு வாரத்துக்கு ஒரு தெரு. திரும்பப் பாக்க வீடியோவும் எடுத்து அனுப்புவா. ஒன்னயத்தான் கூட்டிட்டுவர முடியல, ஊரையாச்சும் பாரும்மா, அப்பா எல்லாருக்கும் காட்டுறாருல்ல, நான் ஒனக்குக் காட்டுறேன்னு சொல்லுவா."

அவர் வாயைத் திறந்தார். ஐந்து வருஷம் என்னிடம் பொய் சொன்னாயா என்று கேட்கத்தான் வந்தது. கேட்கவில்லை.

மியூசியம் பழைய கன்னியர் மடம். நடுவில் முற்றம், அதைச் சுற்றித் தூண் வைத்த நடைபாதை. கித்தேரியம்மாள் எதையும் பார்க்காமல் நேரே மடத்துக் கோயிலுக்குள் போனாள். அங்கே ஆள் உயரத்துக்கு மேல் மரப்பலகைகளில் படம். இருட்டில் சிலுவை. அதில் தொங்குகிற இயேசு, சூசைமாணிக்கம் பார்த்த எந்தச் சுரூபத்திலும் இல்லாத இயேசு. உடம்பெல்லாம் முள் குத்திப் பழுத்த புண், பச்சை பாய்ந்த தோல், வலியில் விறைத்து விரிந்த விரல்கள். ஒரு பக்கம் வெள்ளை உடுத்திய மாதா மயங்கிச் சாய்கிறாள், ஒருவர் தாங்கிக்கொள்கிறார்.

"என்ன இப்படிக் கோரமா வரைஞ்சிருக்கான்" என்றார்.

"ஆஸ்பத்திரிக்கு வரைஞ்சதுங்க. கெட்டுப்போன தானியத்துல ரொட்டி சுட்டுத் தின்னுட்டு, அப்ப சனங்களுக்குத் தோலெல்லாம் வெந்து புண்ணாகுமாம். அவங்களக் கொண்டாந்து மொதல்ல இதுக்கு முன்னால விடுவாங்களாம். நம்ம மாதிரியே ஆண்டவருக்கும் புண்ணு இருக்குன்னு பாக்கட்டும்னு." அவள் பெஞ்சில் உட்கார்ந்தாள். "அவ பாத்துக்கிட்ட நோயாளி யாராச்சும் தவறிட்டா, அடுத்த லீவுல இங்க வந்துதான் உக்காருவா. போனக் காட்டக் கூடாதுன்னு மொறைப்பாங்களாம். மடியில வச்சுக்கிட்டு மெதுவாப் பேசுவா."

சூசைமாணிக்கம் அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். வெகுநேரம் அந்த விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"என்னயப் பத்திக் கேப்பாளா?"

"கேப்பா. அப்பா கண்ணுக்குச் சொட்டு மருந்து விடுறாரா, மழையில வண்டி எடுக்குறாரா, எளைச்சுட்டாரான்னு ஒவ்வொரு வாரமும் கேப்பா."

அவர் தலையாட்டினார். கித்தேரியம்மாள் அத்தோடு நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை.

"மூணு வருஷம் கேட்டா. அப்புறம் கேக்குறத விட்டுட்டா."

அவர் தோள் குலுங்கத் தொடங்கியது. சத்தம் வெளியே வரக்கூடாதென்று தொப்பியை வாயில் வைத்து அழுத்தினார். அப்படியும் வந்தது. காவலுக்கு நின்ற பெண் எட்டிப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கித்தேரியம்மாள் அவரைத் தொடவில்லை. அழட்டும் என்று இருந்தாள். பாதியில் அவளும் அழுதாள், வேறு பக்கம் பார்த்துக்கொண்டு.

மத்தியானம் கால்வாய்ப் பாலத்தருகே ஒரு கல்லில் உட்கார்ந்திருந்தார்கள். கீழே படகில் சுற்றுலாக்காரர்கள் போனார்கள். மஞ்சளும் நீலமுமாக வீடுகள் தண்ணீரில் ஆடின.

"நீங்க ரெண்டு பேரும் பேசுனதெல்லாம் சொல்லு கித்தேரி. ஒண்ணு விடாம."

அவள் யோசித்தாள். "பாதி சொல்றேங்க. பாதி எனக்கு வேணும்."

அப்படிச் சொன்னதற்கு அவர் கோபப்படவில்லை. அவள் சொன்னாள்: பெர்லின் முடியை வெட்டியது போன வருஷ ஈஸ்டருக்கு, தண்ணி ஒத்துக்காமல் கொட்டியதால். லூக்குக்கு ரசம் வைக்கத் தெரியும், புளிப்பு கூடிப்போகும். இங்குள்ள மலையைப் பார்த்தால் கொடைக்கானல் மலை மாதிரி இருக்கு, ஆனா ஏறுற வழியில அத்தன கொண்டை ஊசி வளைவு இல்ல என்பாளாம். மீதியைத் தனக்கு வைத்துக்கொண்டு தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

லூக் சீருடையோடு வந்தார். சூசைமாணிக்கம் எழுந்தார். எத்தனையோ வெள்ளைக்காரர்களிடம் வாய் ஓயாமல் பேசிய இங்கிலீஷில் ஒரு வார்த்தையும் வரவில்லை. மருமகனின் கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். லூக்கும் விடுவிக்கவில்லை. பின்னால் வந்தவர்கள் அவர்களைச் சுற்றிக்கொண்டு பாலத்தைக் கடந்தார்கள்.

ஊர் திரும்பிய பிறகும் சூசைமாணிக்கம் வண்டி ஓட்டுகிறார், ஞாயிற்றுக்கிழமை மட்டும் எடுப்பதில்லை. அன்றைக்குச் சாயங்காலம் கித்தேரியம்மாள் உள்ளறைக்குப் போய்ப் பெர்லின் அனுப்பிய பழைய வீடியோக்களைப் பார்ப்பாள். அவர் முன்னறையில் காத்திருப்பார். சில வாரம், "வாங்க, இதப் பாருங்க" என்று கூப்பிடுவாள். சில வாரம் கூப்பிட மாட்டாள்.