நகத்துக்குள்ளும் கறுப்பு

ஜேர்மன் தொலைக்காட்சித் தொடர்களுக்கு ஒப்பனை செய்வது என் தொழில். இடையிடையே சின்ன வேடங்களில் நடிப்பதும் உண்டு. அன்று, களவாக எல்லை கடக்கும் அகதியாக நடிக்க ஒரு யாழ்ப்பாணத்து அக்கா வந்திருந்தார். உண்மையிலேயே அப்படி வந்தவர்.

இயக்குநர் அவரைப் பார்த்து, "அழுக்குப் போதாது" என்றார். பழுப்புச் சாயத்தைக் குழைத்து அக்காவின் கன்னத்தில் அப்பினேன்.

"தங்கச்சி, நாங்கள் எல்லை கடக்கேக்கை முகம் கழுவி, பவுடர் போட்டு, தலை வாரி இழுத்துத்தான் வந்தனாங்கள். ஊத்தையா நிண்டால் பொலிஸ் உடனே பிடிச்சிடும். கூட்டிக்கொண்டு வந்த ஏஜென்சிக்காரன் எனக்கு லிப்ஸ்டிக்கும் வாங்கித் தந்தவன்."

"தெரியும் அக்கா. என்ர அம்மாவும் அப்பிடித்தான் வந்தவ."

"பிறகேன் பூசுறீர்?"

நான் அக்காவின் கையை எடுத்து என் மடியில் வைத்துக்கொண்டேன். அடுத்த தொடரில் எனக்கு வசனம் பேசும் வேடம் தருவதாக இயக்குநர் சொல்லியிருந்தார். அக்காவின் நகங்களுக்குள்ளும் கறுப்பு ஏற்றினேன். "அசல் அகதி" என்று இயக்குநர் பாராட்டினார். நானும் சிரித்தேன்.

வேடம் கிடைத்தது. பேருந்தில் பிடிபடும் அகதிப் பெண், ஒரேயொரு வசனம். ஒப்பனை நாற்காலியில் நான் உட்கார்ந்ததும் ஒரு ஜேர்மன் பெண் அதே பழுப்புச் சாயத்தோடு வந்தாள். அக்கா சொன்னதை அவளிடம் சொல்லிவிடத்தான் வாயைத் திறந்தேன்.

"நகத்துக்குள்ளும் பூசு, இயக்குநருக்குப் பிடிக்கும்" என்றேன்.

அப்படிச் சொல்லும்படி யாரும் என்னிடம் கேட்கவில்லை.