பதினொன்றாம் நம்பர் மலையின் முடியாத நெரை

நமுனுகுல மலைக்குக் கீழே அந்தத் தேயிலைத் தோட்டத்தில் ஜெயந்தினி உட்கார்ந்து பார்த்தவர்கள் குறைவு. உலையில் அரிசி வேகும்போதே நாலு தடவை மூடியைத் திறந்துவிடுவாள். பதுளை பஸ் வருவதற்குள் பத்துத் தடவை வளைவு வரை போய் எட்டிப் பார்ப்பாள். அவளுக்கு முப்பத்தாறு வயது. இத்தனை அவசரம் யாரைப் பிடிக்க என்று லயத்து வீடுகளில் கேலி செய்வார்கள். நாலு மாதமாக அந்தக் கேலி நின்றுவிட்டது. அவள் புருஷன் கிருஷ்ணராஜ் முடியாத நெரைக்குள் போய்விட்டான்.

நெரை என்பது கொழுந்து பறிப்பவர்களுக்கு ஆளுக்கொன்றாகப் பிரித்துக் கொடுக்கும் தேயிலை வரிசை. எல்லா நெரையும் தண்ணீர் ஓட வெட்டிய ஏதாவது ஒரு கானில் போய் முடியும். பதினொன்றாம் நம்பர் மலையில் ஓரத்து நெரை மட்டும், பனிமூட்டம் இறங்கினால் முடியாது. நடக்க நடக்க நீண்டு, வேறொரு உலகத்தில் கொண்டுபோய் விட்டுவிடும். தோட்டத்தில் எல்லோருக்கும் இது தெரியும். தோட்டத்தை நடத்தும் துரைக்கும் தெரியும். தெரிந்தும் அந்த நெரைக்கு உரம் போடச் சொல்கிற மனுஷன் அவர்.

காணாமல் போனவன் பெயருக்கு நேரே ஆபிசில் ‘வேலைக்கு வரவில்லை’ என்று எழுதிவிட்டுச் சும்மா இருந்துவிட்டார்கள். ஜெயந்தினியால் சும்மா இருக்க முடியுமா? அப்பா எப்போது வருவார் என்று பதினொரு வயது மகள் சிவசக்தி தினமும் கேட்டாள். பாதிச் சோற்றில் எழுந்துபோனாள். ஆனால் ஆனி மாதம் தொடங்கிய வெயில் விட்டபாடில்லை. பனி இறங்காமல் அந்த வழி திறக்காது. காலையில் பெயர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் நிற்கும்போதும் அவள் கண் மலை உச்சியில்தான் இருந்தது.

ஐப்பசியில் ஒருநாள் பத்து மணிக்குப் பனி இறங்கியது. ஜெயந்தினி கூடையைக் கழற்றி வைத்துவிட்டு ஓரத்து நெரைக்கு ஓடினாள். கங்காணி மாடசாமி குறுக்கே வந்து நின்றார்.

“போகாதன்னு சொல்லல தாயி. ரெண்டே விசயத்த மட்டும் மறந்துறாத. அங்கன ஒரு நிமிசம்னா இங்க ஒரு வாரம். எங்க பெரியாயி அத்த சும்மா எட்டிப் பாத்துட்டு வந்துச்சு, இங்க ஒம்பது வாரம் போயிருச்சு. இன்னொண்ணு, அங்கன உள்ளதுல ஒத்த இலையக் கூடக் கிள்ளாத. கிள்ளினவங்களுக்குத் திரும்பி வர வழி கிடையாது.”

“சக்தியப் பாத்துக்கங்க மாமா,” என்று சொன்னவள் அதற்குள் பனிக்குள் இருந்தாள்.

அந்தப் பக்கமும் அதே மலைதான். லயம் இல்லை, கொழுந்து அரைக்கும் ஸ்டோர் இல்லை, கவ்வாத்துக் கத்தி படாத தேயிலையெல்லாம் மரமாக வளர்ந்து வெள்ளையாகப் பூத்திருந்தது. அழகை ரசிக்க அவளுக்கு ஏது நேரம்? ஒவ்வொரு மூச்சுக்கும் அங்கே மகளுக்கு ஒரு பகல் போகிறது. ஓடினாள். ஒரு பாறைமேல் உட்கார்ந்து கிருஷ்ணராஜ் சாவகாசமாக வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தான்.

“நீ எங்க புள்ள இங்க? நான் வந்து கால் மணி நேரங்கூட ஆகலயே!”

அவளுக்கு அழுகையும் ஆத்திரமும் ஒன்றாக வந்தன. “அங்க நாலு மாசம் ஆச்சுங்க. சக்தி தனியா இருக்கா. எந்திரிங்க!”

நாலு மாதம் என்றதும் அவன் முகம் செத்துப்போயிற்று. வெற்றிலையை அங்கேயே போட்டுவிட்டு எழுந்தான். அவன் முன்னால் நடக்க, அவள் அவனை விரட்டிக்கொண்டே பின்னால் வந்தாள். வழியின் இரண்டு பக்கமும் கிளைகள் இடுப்பளவில் தாழ்ந்து, இளம்பச்சையாகத் துளிர்த்திருந்தன. மகள் வளர்ந்திருப்பாளா, பள்ளிக்கூடம் போயிருப்பாளா, மாடசாமி மாமா வீட்டில் சோறு போட்டிருப்பார்களா என்று அவள் மனம் எங்கெங்கோ ஓடியது. கை அதன் பாட்டுக்கு வேலை பார்த்தது. இரண்டு இலையும் ஓர் அரும்புமாகக் கிள்ளி, தோளுக்குப் பின்னால் வீசியது.

முதுகில் கூடை இல்லை. கொழுந்து குதிகாலில் விழுந்த பிறகுதான் அவளுக்கு உறைத்தது. பதினெட்டு வருடம் பழகிய கை, யாரைக் கேட்டுக்கொண்டு செய்யும்?

அடுத்த அடியை எடுத்து வைத்தாள். கால் பனியில் முட்டி நின்றது. கையால் தள்ளினாள், தோளால் இடித்தாள், அது கொஞ்சமும் அசையவில்லை. அவனோ அதே பனிக்குள் புகுந்து நடந்துகொண்டிருந்தான்.

கூப்பிட்டால் திரும்பிவிடுவான். அவளை விட்டுவிட்டுப் போகிற ஆள் இல்லை அவன். அதுதான் அவளுக்குப் பயமாக இருந்தது. ஐந்து நிமிடம் நின்று அழுதால் பிள்ளைக்கு ஒரு மாதத்துக்கு மேல் போய்விடும். இருவரும் இங்கேயே நின்றுவிட்டால் சக்திக்கு யாருமே இல்லை.

“என்ன புள்ள, நின்னுட்ட?” அவன் குரல் பனிக்குள்ளிருந்து வந்தது.

“செருப்பு வாரு அந்துருச்சுங்க. திரும்பாம நடங்க. பின்னாலயே வர்றேன்.”

“சீக்கிரம் வா. நான் போயி தேத்தண்ணிக்கு அடுப்பப் பத்த வைக்கிறேன்.”

“சக்திக்கு முதல்ல ஊத்திக் குடுங்க,” என்றாள். “எனக்கு ஆறினாலும் பரவாயில்ல.”