எங்கள் கூடத்தில் நடந்த போராட்டம்

அடுப்படிக்குள் அப்பா, அம்மா, நான் மூவரும் இருந்தோம். அண்ணன் இல்லை, செனாவாங் தொழிற்சாலையில் காலை ஷிப்ட். ரப்பர் தோட்டத்து ஆபீஸ் கணக்கரான கிராணியும் இல்லை, விடுமுறையில் போயிருந்தார். அவர் இருந்திருந்தால் படப்பிடிப்பே நடந்திருக்காது.

அது ஒரு தொலைக்காட்சி நாடகம். அந்தக் காலத்து மாணவன் ஒருவன் அரசியலில் இறங்கி, தோட்டத்து மக்களைத் திரட்டி, போலீசில் மாட்டிக்கொள்வான். அவன் ஒளிந்திருக்கும் இடமாக தொழிலாளர் வரிசையில் இருந்த எங்கள் லயத்து வீட்டை இயக்குநருக்குப் பிடித்துப்போயிற்று.

"வீடு யாரோடதுண்ணே?" என்று கேட்டார்.

"எங்களோடதுதான்," என்றார் அப்பா. அவர் பிறந்த வீடு. கூரைக்குத் தகரம் மாற்றியதும் அவர்தான். வேறு எப்படிச் சொல்வார்? ஒரு நாள் வாடகையாக நூறு ரிங்கிட் கையில் கொடுத்தார்கள்.

சத்தம் வரக்கூடாதென்று காற்றாடியை நிறுத்தி, அடுப்படிக் கதவைச் சாத்திவிட்டார்கள். பின்வாசலை விளக்குக் கம்பங்கள் அடைத்திருந்தன. அம்மாவுக்கு வேறு இருமல். துண்டை வாயில் அழுத்திக்கொண்டிருந்தார். கூடத்தில் மாணவன் கத்தினான்: "இந்த மண்ணு உழைச்சவனுக்குச் சொந்தம்!"

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பல்கலைக்கழகம் போனவன் நான். எனக்கு உடம்பு சிலிர்த்தது.

"நல்லா பேசுறாம்ப்பா," என்றேன் மெதுவாக.

"பேசுவான் லா. பேசிட்டு வேன்ல ஏறிப் போயிருவான். நீ வாய மூடு, இல்லாட்டி மறுபடியும் மொதல்லேர்ந்து கத்துவான்."

அம்மா சிரிக்கப்போய் இருமிவிட்டார். வெளியே "கட்!" என்றார்கள். மறுபடியும் முதலிலிருந்து.

நாடகத்தின் முடிவில், வீட்டு உரிமையாளர் என்று அப்பாவின் பெயரைப் போட்டு நன்றி சொல்லியிருந்தார்கள். ஒளிபரப்பான மறுநாள், கிராணி அப்பாவை ஆபீசுக்குக் கூப்பிட்டார். நானும் போனேன்.

"என்னா லா, டிவியில நீ வீட்டுக்காரனாயிட்ட? கம்பெனி வீட்ட யாரக் கேட்டு வாடகைக்கு விட்ட? மானேஜர் காலி பண்ணச் சொல்றாரு."

"தெரியாமச் சொல்லிட்டேங்க. பையன் படிப்பு முடியுற வரைக்குமாவது..."

"மூணு தலைமுறையா நாங்க..." என்று நான் ஆரம்பித்தேன். அப்பா என் மணிக்கட்டைப் பிடித்தார். பால்மரம் சீவிக் காய்த்த பிடி, வலித்தது.

"நீ பேசாத. பேசினா இன்னிக்கே வெளிய," என்றார் என் காதருகில்.

வேலையிலிருந்து நின்ற பிறகும் அப்பா அந்த வீட்டில் இருப்பது கம்பெனியின் தயவு என்பது எனக்கு அன்றுதான் முழுதாக உறைத்தது. மானேஜரின் அறைக்குப் போய்விட்டு வந்த கிராணி முடிவைச் சொன்னார். அபராதம் கட்டினால் இருக்கலாம். ஆனால் எப்போது சொன்னாலும் மறுபேச்சில்லாமல் காலி செய்ய வேண்டும். அப்பா தலையாட்டினார். நானும் ஆட்டினேன்.

அண்ணன் தன் மோட்டார் சைக்கிளை விற்றார். நாங்கள் இன்னும் அந்த வீட்டில்தான் இருக்கிறோம். ஒரு ஆணி அடிப்பதென்றாலும் அப்பா யோசிக்கிறார். அபராதம் இரண்டாயிரத்து நானூறு ரிங்கிட்.