டிரெய்லருக்குத் தனி ஆர்.சி.

1

திருட்டு மணல் ஏற்றிப் பிடிபட்ட வண்டியைக் கோர்ட் மூலம் மீட்க வேண்டுமென்றால், கே.ஜி.எஃப்.பில் ஒரு காலத்தில் என் மேஜைக்குத்தான் வருவார்கள். வழக்கு முடியும்வரை வண்டியை உரிமையாளரிடமே விட்டுவைக்கக் கேட்கும் அந்த மனுவை, தூக்கத்தில் எழுப்பினாலும் எழுதுவேன்.

பிறகு பிலோமினா வக்கீலாக வந்தார். அவருடைய அப்பா சாம்பியன் ரீப்ஸ் தங்கச் சுரங்கத்தில் அண்டர்கிரவுண்ட் வேலை பார்த்தவர். என் அப்பா ஃபேக்டரியில் இன்ஜினியர். நான் பெங்களூரில் சட்டம் படித்தவன். இந்த ஒப்பீட்டை மனதுக்குள் அடிக்கடி செய்துகொள்வேன். நான் எழுந்து பேசும்போது மாஜிஸ்திரேட்டின் பேனா ஓடிக்கொண்டே இருக்கும். பிலோமினா எழுந்தால் நிற்கும். அதைப் பார்ப்பதற்காகவே, கேஸ் இல்லாத நாட்களிலும் கோர்ட் ஹாலில் உட்கார்ந்திருக்கிறேன்.

2

ஒருநாள் காலை பூதிகோட்டை முனியப்பா வந்தார். முன்பு அவர் தம்பியின் லாரியை மீட்டுக் கொடுத்தவன் நான். எழுந்து நாற்காலியை இழுத்துப் போட்டேன்.

"நல்லாகீறீங்களா சார்? மேடம் எங்க?" என்றார்.

பக்கத்து மேஜையைக் காட்டினேன்.

ஆற்று மணலோடு அவருடைய டிராக்டரும் டிரெய்லரும் பிடிபட்டு ஸ்டேஷன் வாசலில் நின்றன. மணல் எடுத்ததை அவர் மறைக்கவில்லை. அவர் கவலை வேறு.

"தக்காளி பழுத்துனு கீது மேடம். ஒரு வாரம் தாங்குனா பெருசு. வாடகை வண்டியில கோலார் மண்டிக்கு ஏத்துனா, இப்ப விக்கிற விலைக்கு எனுக்கு இன்னா மிஞ்சும்?"

பதினொரு மணிக்குள் பிலோமினா மனுவைத் தயாரித்து என்னிடம் கொண்டுவந்தார். "சார், மணல் கேஸ்ல நீங்க பாக்காததா? ஒரு வாட்டி பாத்துக் குடுங்க. மதியம் ஃபைல் பண்ணிடறேன்."

படித்தேன். போலீஸ் எழுதிய பறிமுதல் மகஜரில் 'டிராக்டர் ஒன்று' என்றிருந்தது. மனுவிலும் முன்னால் இழுக்கும் இன்ஜினின் பதிவு எண் மட்டுமே இருந்தது. டிரெய்லருக்குத் தனி எண், தனி ஆர்.சி. உண்டு. ஓட்டுகிறவருக்கு இரண்டும் ஒரே வண்டி. கோர்ட்டுக்கு இரண்டு சொத்து. பிலோமினா அதுவரை லாரி கேஸ்கள்தான் பார்த்திருந்தார். அதனால் அவருக்கு இது தோன்றவில்லை. எனக்கு முதல் பக்கத்திலேயே தெரிந்துவிட்டது.

கவனமாகப் படித்ததுபோல் இருக்கட்டும் என்று ஓர் எழுத்துப்பிழையை மட்டும் திருத்தினேன்.

"சரியா இருக்கும்மா," என்றேன்.

3

இரண்டாம் நாளே உத்தரவு கிடைத்தது. வேறு வேலை இருப்பதாகச் சொல்லிக்கொண்டு நானும் ஸ்டேஷனுக்குப் போனேன். வேறு வேலை எதுவும் இல்லை.

ஸ்டேஷன் ரைட்டர் உத்தரவைப் படித்துவிட்டு, "இந்த நம்பரு இன்ஜினுக்கு. அத எடுத்துனு போங்க. பின்னாடி கீறது வேற நம்பரு, அத நான் குடுக்க முடியாது," என்றார்.

"இன்னா சார், தலைய குட்துட்டு உடம்ப வெச்சிக்கிறீங்களா?" என்றார் முனியப்பா. ரைட்டர் சிரித்தார். முனியப்பா சிரிக்கவில்லை.

டிரெய்லருக்கு இரண்டாவது மனு போட வேண்டியதாயிற்று. அரசு வக்கீல் ஆட்சேபம் எழுத நாள் கேட்டார். நடுவில் மாஜிஸ்திரேட் லீவு. டிரெய்லர் வெளியே வர இருபத்து நான்கு நாள் ஆனது. அதற்குள் தக்காளி செடியிலேயே அழுகிவிட்டது.

முனியப்பா கோர்ட்டுக்கு வந்த அன்று நான் என் மேஜையில் காத்திருந்தேன். இனி என்னிடம்தான் வருவார் என்று நினைத்தேன். 'சீனியர் சார்தான் பார்த்துக் கொடுத்தார்' என்று பிலோமினா சொன்னால் என்ன பதில் சொல்வது என்பதையும் தயார் செய்து வைத்திருந்தேன்.

பிலோமினா அவரிடம் சொன்னது வேறு. "தப்பு என்னுதுண்ணா. டிரெய்லருக்குத் தனி ஆர்.சி. இருக்கான்னு நான் உங்கள கேட்டிருக்கணும்."

என் பக்கம் திரும்பவே இல்லை.

 "சரி மேடம், கேஸ நீங்களே நடத்துங்க," என்று முனியப்பா எழுந்து போனார். என் மேஜையைத் தாண்டித்தான் போனார்.

அன்றாவது நான் வெட்கப்பட்டிருக்க வேண்டும். பொறாமை இன்னும் கூடியது. 'தப்பு என்னுது' என்ற இரண்டு சொல்லை, அத்தனை வருடத்தில் ஒரு கட்சிக்காரரிடமும் நான் சொன்னதில்லை.

4

இப்போது நான் கோர்ட்டுக்குப் போவதில்லை. புதிதாக வரும் வக்கீல்களுக்காக இதை எழுதுகிறேன். டிராக்டர் கேஸ் வந்தால் இரண்டு ஆர்.சி.யையும் கேட்டு வாங்குங்கள். சக வக்கீல் மனுவைக் கொடுத்துப் பார்க்கச் சொன்னால் ஒழுங்காகப் பாருங்கள். மனம் ஒப்பவில்லை என்றால், நேரமில்லை என்று திருப்பிக் கொடுங்கள். இந்தக் கேஸில் அந்தப் பொய்கூடப் போதுமாயிருந்திருக்கும். பிலோமினா வேறு யாரிடமாவது காட்டியிருப்பார்.

அச்சுக்குக் கொடுக்கும் முன் இதை பிலோமினாவிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன். நான் எதிரில் உட்கார்ந்திருக்க, நிதானமாகப் படித்தார். டிரெய்லர் வர மூன்று வாரம் ஆனதாக நான் எழுதியிருந்தேன். அதை அடித்துவிட்டு, 'இருபத்து நான்கு நாள்' என்று மேலே எழுதினார்.

தாள்களை அடுக்கி என்னிடம் நீட்டினார்.

"மத்தபடி சரியா இருக்கு, சார்."