கள்ளிப்பழச் சிவப்பு

கீழக்குயில்குடியில் ஒரு விசேஷத்துக்குப் போய்விட்டுத் திரும்பும்போது, வேலியோரம் சப்பாத்திக்கள்ளி சிவக்கச் சிவக்கப் பழுத்திருந்தது. என் கணவர் வண்டியை நிறுத்திவிட்டார். பை நிறையப் பறித்த பிறகுதான் கிளம்பினார்.

அவர் தன் தங்கைக்கு ஒரு சிறுநீரகத்தைக் கொடுத்தவர். மிச்சமிருக்கும் ஒன்றை வைத்துக்கொண்டு ஜாலியாகத்தான் திரிந்தார். பயப்படுகிற வேலையை எனக்கு விட்டிருந்தார்.

விளாங்குடி வீட்டுக்கு வந்ததும் ஜெல்லி செய்வோம் என்றேன். செல்போனில் பார்த்து வைத்திருந்தேன். பழத்தை இடுக்கியில் பிடித்து கேஸ் தீயில் வாட்டினால் பூமுள் பொசுங்கிவிடும். உள்ளே நட்சத்திரம் மாதிரி இன்னொரு முள் இருக்கும். அதையும் எடுத்துவிட வேண்டும். நான் நறுக்க நறுக்க அவர் தின்றார். தப்பியதைப் பிழிந்து, வடிகட்டி, சர்க்கரையும் எலுமிச்சையும் சேர்த்துக் காய்ச்சினேன். லேசில் இறுகவில்லை. இறுகுகிறதா பார்க்கிறேன் என்று நானும் கரண்டி கரண்டியாக நக்கினேன். மிச்சத்தைக் கிண்ணத்தில் ஊற்றி பிரிட்ஜில் வைத்தேன்.

மறுநாள் காலை பாத்ரூமிலிருந்து வந்தவர் முகம் பேயறைந்த மாதிரி இருந்தது.

"ஒண்ணுக்கு ரத்தமாப் போகுது."

ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள் என்றேன்.

"தங்கச்சிகிட்ட மூச்சு விட்றாத. தன்னாலதான்னு அவ உருகிப் போவா" என்றவர் சட்டைப் பொத்தானை மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டிருந்தார். பார்க்கச் சகிக்கவில்லை.

கிளம்புமுன் நானும் பாத்ரூம் போனேன். எனக்கும் சிவப்பு! ஒரு நொடி திக்கென்றது. பிறகு நேற்றிலிருந்து கழுவியும் போகாத விரல் சாயத்தைப் பார்த்தேன். உள்ளேயே நின்று சிரித்தேன். அவர் கதவைத் தட்டினார்.

"என்னடி ஆச்சு?"

"எனக்கும் செவப்புத்தாங்க! எல்லாம் அந்தக் கள்ளிப்பழம் பண்ற வேலை!"

அப்படியும் மனசு கேட்காமல் போய்ப் பரிசோதித்தோம். ரத்தம் துளிகூட இல்லை, பழத்தின் நிறம்தான் என்றார் டாக்டர். அப்பாடா என்றிருந்தது. வீடு வரும்வரை வழிநெடுக அவரைக் கேலி செய்துகொண்டே வந்தேன்.

ஜெல்லி பிரிட்ஜில் நன்றாக இறுகியிருந்தது. ஒரு கரண்டி எடுத்துக் கொடுத்தேன். வாங்கியவர் வாயில் வைக்காமல் தேம்பித் தேம்பி அழுதார்.

"ஏங்க, அதான் ஒண்ணுமில்லன்னு சொல்லிட்டாகல்ல?"

"ஆபரேஷன் முடிஞ்ச நாள்லருந்து," என்றார், "ஒவ்வொரு தடவையும் நெறத்தப் பாத்துட்டுத்தான் தண்ணி ஊத்துறேன்."